கூட்டுறவு தேர்தலில் வேட்பு மனு தள்ளுபடி ஆனால் எங்கே போவது? வழி சொன்னது நாமக்கல் வழக்கு

இளம்பிள்ளை,

சேலைக்கு பேர்போன இளம்பிள்ளை பக்கம் நெசவாளர் கூட்டுறவு சங்க தேர்தல் என்றால், ஓட்டுப்பதிவை விட மனு பரிசீலனை நாளில்தான் சூடு அதிகம்.

யார் நிர்வாக குழுவில் இருக்க முடியாது என்பதை 1983-ம் ஆண்டு தமிழ்நாடு கூட்டுறவு சங்கங்கள் சட்டத்தின் 34-வது பிரிவு சொல்கிறது. சங்க கடனில் தவணை தவறியவர், சங்கத்தில் சம்பளம் வாங்கும் ஊழியர் ஆகியோர் நிற்க முடியாது. பாக்கி விவகாரத்தில் "கட்டிட்டேன்" என்று வாயால் சொன்னால் போதாது, ரசீது வேண்டும்.

மனு தள்ளுபடி ஆனதும் ஐகோர்ட்டுக்கு ஓடலாமா? பதில் பக்கத்திலேயே இருக்கிறது. நாமக்கல் அப்போது சேலம் மாவட்டம். முதல் சட்டசபை தேர்தலில் அந்த தொகுதியில் பொன்னுசாமி என்பவரின் மனு 1951 நவம்பரில் தள்ளுபடி ஆனது. வழக்கு சுப்ரீம் கோர்ட்டு வரை போனது. தேர்தல் தொடங்கிவிட்டால் நடுவில் கோர்ட்டு தலையிடாது, முடிந்தபிறகு தேர்தல் வழக்குதான் என்று 21-1-1952-ல் தீர்ப்பு வந்தது. சட்டசபை வழக்குதான். ஆனாலும் கூட்டுறவு தகராறுகளிலும் எதிர்தரப்பு வக்கீல் இதைத்தான் எடுத்து நீட்டுவார்.

கூட்டுறவில் வழக்குக்கு 90-வது பிரிவு. பதிவாளரிடம் மனு போடணும். நெசவாளர் சங்கங்களுக்கு அந்த அதிகாரம் கைத்தறி துறையிடம். அப்பீல் கூட்டுறவு தீர்ப்பாயத்துக்கு. 2018 தேர்தலில் தள்ளுபடி புகார்கள் ஐகோர்ட்டு வரை போயின.

சிக்கல் என்னன்னா, வழக்கு இழுத்தால் 5 ஆண்டு பதவிக்காலமே ஓடிவிடும். அதனால் தள்ளுபடி உத்தரவை காரணத்தோடு அன்றைக்கே எழுத்தில் கேட்டு வாங்குவது நல்லது.