ஊறுகாய்ச் சாடியும் தீட்டும்

ஊறுகாய் கெட்டுப்போனால் நம்மவர் வீடுகள் சிலவற்றில் இன்றும் முதலில் எழும் கேள்வி, "விலக்கான பெண் எவளாவது சாடியைத் தொட்டாளா?" என்பதே. உப்புக் குறைந்ததா, எண்ணெய் மேலே நின்றதா, ஈரக் கரண்டி உள்ளே போயிற்றா என்று ஆராய்வார் இல்லை. சாடி கொல்லையில் கொட்டப்படுகிறது. பழி ஒரு பெண்ணின் தலையில் விழுகிறது. இப்பழி எத்துணைப் பொருளற்றது என்பதை, உணவைக் கெடாமற் காக்கும் கலையின் சரித்திரமே நமக்கு உணர்த்தும்.

பிரெஞ்சு தேசத்தில் மிட்டாய் வாணிகம் செய்தவர் நிக்கொலா அப்பேர். இவர் காய்கறிகளையும் பிறவற்றையும் கண்ணாடிப் போத்தல்களில் இட்டு, தக்கையால் இறுக அடைத்து, கொதிநீரில் வைத்துக் காய்ச்சினார். அவை பல மாதங்கள் கெடாதிருந்தன. முறையை நூலாக வெளியிட வேண்டும் என்னும் நிபந்தனையுடன் பிரெஞ்சு அரசாங்கம் 1810-ஆம் ஆண்டில் அவருக்கு 12,000 பிராங்கு அளித்தது. அதே ஆண்டில் இங்கிலாந்தில் பீட்டர் டியூராண்டு என்பவர் தகரக் கலங்களையும் சேர்த்து உரிமை பெற்றார். தகரமாவது வெள்ளீயம் பூசிய இரும்பு. பின்னாளில் அவ்வெள்ளீயத்தில் பெரும்பகுதி மலாயாவின் சுரங்கங்களிலிருந்தே உலகெங்கும் சென்றது.

உணவு கெடுவதன் மெய்க்காரணத்தை அப்பேர் அறியார். அதனை 1860-ஐ ஒட்டிய ஆண்டுகளில் விளக்கியவர் லூயி பாஸ்டர். கண்ணுக்குப் புலப்படாத நுண்கிருமிகளே புளிப்பையும் அழுகலையும் உண்டாக்குகின்றன என்று அவர் சோதனைகளால் நிறுவினார். அக்கிருமி தொடுபவரின் மாதக் கணக்கைப் பார்ப்பதில்லை. ஆணின் கை அழுக்காயிருந்தால் அங்கும் ஏறிக்கொள்ளும்.

இவ்வறிவு அமெரிக்க நாட்டில் அடுப்பங்கரை வரை சென்றது. ஜான் மேசன் 1858-இல் திருகுமூடிப் போத்தலுக்கு உரிமை பெற்றார். 1910-இல் தென் கரோலினாவில் மேரி குரோமர் என்னும் ஆசிரியை சிறுமியருக்குத் தக்காளிச் சங்கம் அமைத்தார். ஒவ்வொருத்தியும் ஏக்கரில் பத்தில் ஒரு பங்கு நிலத்தில் பயிரிட்டு, விளைந்ததை அடைத்து விற்றுப் பணம் ஈட்டினாள். நம் நாட்டில் சாடியருகே வரக்கூடாதென்று விலக்கப்பட்ட வயதுப் பெண், அங்கே அதே தொழிலால் தன் கையில் காசு கண்டாள்!

அந்நாட்டார் 'ரெலிஷ்' என்னும் காய்கறி ஊறுகாய் செய்யும் வகை இது: தக்காளிக்காய், முட்டைக்கோசு, வெங்காயம், குடைமிளகாய் ஆகியவற்றைப் பொடியாக நறுக்கி, உப்பிட்டு ஓரிரவு வைத்து, சுரந்த நீரை வடிப்பர். வினிகர் என்னும் காடியுடன் சர்க்கரை, கடுகு, மஞ்சள் சேர்த்துக் கொதிக்கவைப்பர். சூடான போத்தலில் சூடாகவே நிரப்பி மூடி, கொதிநீரில் முழுக அமிழ்த்திப் பத்து நிமிடத்துக்குக் குறையாமல் வைப்பர். ஆறும்போது மூடி உள்ளிழுக்கப்பட்டு இறுகும். காடியில் நூற்றுக்கு ஐந்து பங்கு புளிப்பு இருத்தல் வேண்டும். அதனைக் குறைத்தல் ஆகாது. 1895-இல் பெல்ஜியத்தில் கெட்ட பன்றியிறைச்சி உண்டு மூவர் மாண்டனர். அதனை ஆராய்ந்த வான் எர்மெங்கெம், காற்றில்லா இடத்தில் வளர்ந்து நஞ்சைக் கக்கும் கிருமியைக் கண்டார். கொதிநீருக்கும் சாகாத அதன் வித்து, போதிய புளிப்பில் முளைக்காது. அஞ்ச வேண்டியது இந்தக் கிருமிக்கே, பெண்ணின் கைக்கு அன்று.

தோட்டத்தில் நம் பெண்கள் எல்லா நாளிலும் பால்மரம் வெட்டினார்கள். எளிதில் உறைந்துவிடும் அப்பாலை விலக்கு நாளில் அவர்கள் தொட்டதால் கெட்டதென்று எந்தத் துரையும் கொட்டியதில்லை. தோட்டத்துப் பாலுக்கு இல்லாத தீட்டு, வீட்டு ஊறுகாய்க்கு மட்டும் எங்கிருந்து வந்தது?

ஆங்கிலேயர் விரும்பி உண்ணும் 'பிக்கலில்லி', 18-ஆம் நூற்றாண்டில் இந்திய ஊறுகாயைப் பார்த்து அவர்கள் செய்துகொண்டதே. நம்மிடமிருந்து ஊறுகாயை அவர்கள் வாங்கிக்கொண்டார்கள். அது கெடும் காரணத்தை அவர்களிடமிருந்து அறிந்துகொள்ள நாம் நாணுவானேன்? சகோதரர்களே, சாடி கெட்டால் கரண்டியைப் பாருங்கள், காலண்டரைப் பாராதீர்கள்.