எடி ராபின்சன்

எடி ராபின்சன் (பெப்ரவரி 13, 1919 – ஏப்ரல் 3, 2007) அமெரிக்கக் கல்லூரிக் காற்பந்துப் பயிற்சியாளர் ஆவார். லூசியானா மாநிலத்தின் கிராம்பிளிங் கல்லூரியில் 1941 முதல் 1997 வரை பணியாற்றி, 408 வெற்றிகளைப் பெற்றார். இனப் பாகுபாடு சட்டமாக இருந்த காலத்தில், கறுப்பின மாணவர்களுக்கான ஒரு சிறிய கல்லூரியை நாடறிந்த அணியாக மாற்றியவர் என இவர் நினைவுகூரப்படுகிறார்.

இளமை

லூசியானாவின் ஜாக்சன் என்னும் சிற்றூரில் பிறந்தார். தந்தை நிலவுடைமையாளரிடம் பங்குக்குப் பயிரிட்டவர். தாய் வீட்டு வேலை செய்தவர். லீலண்ட் கல்லூரியில் பட்டம் பெற்ற ராபின்சன், பேட்டன் ரூஜ் நகரில் ஒரு தீவன ஆலையில் மணிக்கு 25 சென்ட் கூலிக்கு வேலை பார்த்தார். 1941இல், தமது 22ஆம் அகவையில், கிராம்பிளிங்கில் பயிற்சியாளரானார்.

கிராம்பிளிங்கில்

தொடக்கத்தில் அவருக்கு உதவியாளர் எவரும் இல்லை. மைதானத்துப் புல்லை வெட்டுவதும் கோடு போடுவதும் அவர் வேலையே. தென்மாநில உணவகங்கள் கறுப்பினத்தவரை அனுமதிக்காததால், வெளியூர்ப் பயணங்களுக்கு உணவும் கட்டி எடுத்துச் செல்ல வேண்டியிருந்தது. முதல் ஆண்டில் 3 ஆட்டங்களில் வென்று 5இல் தோற்ற அணி, 1942இல் எதிரணிகளுக்கு ஒரு புள்ளிகூட விட்டுக்கொடுக்காமல் 9 ஆட்டங்களிலும் வென்றது. போரின் காரணமாக 1943, 1944 ஆண்டுகளில் அணி ஆடவில்லை.

1949இல் அவருடைய மாணவர் டாங்க் யங்கர் லாஸ் ஏஞ்சலஸ் ராம்ஸ் அணியில் சேர்ந்தார். கறுப்பினக் கல்லூரி ஒன்றிலிருந்து தேசியக் காற்பந்துக் கூட்டமைப்புக்குச் சென்ற முதல் வீரர் அவரே. அவரைத் தொடர்ந்து 200க்கும் மேற்பட்ட கிராம்பிளிங் மாணவர்கள் தொழில்முறை ஆட்டத்துக்குச் சென்றனர். ஆட்டத்தை வழிநடத்தும் குவாட்டர்பேக் இடத்துக்குக் கறுப்பினத்தவர் பொருந்தமாட்டார் என்ற எண்ணம் அப்போது பரவலாக இருந்தது. மற்றொரு மாணவரான டக் வில்லியம்ஸ் 1988 சனவரியில் வாஷிங்டன் அணிக்கு சூப்பர் பவுல் வென்று தந்து, அந்த எண்ணத்தைப் பொய்யாக்கினார்.

1985 அக்டோபர் 5 அன்று டாலஸ் நகரில் பிரெய்ரி வியூ அணியை வென்றபோது, பேர் பிரையண்டின் 323 வெற்றிகள் என்ற சாதனையை ராபின்சன் கடந்தார்.

பிற்காலமும் மரபும்

தென்மாநிலங்களின் பெரிய பல்கலைக்கழகங்கள் கறுப்பின வீரர்களுக்குக் கதவைத் திறந்தபின், திறமையாளர் பலர் அங்கே சென்றனர். ராபின்சன் தம் மாணவர்களுக்காக விரும்பிய சமவாய்ப்பு, அவருடைய அணியைப் போன்ற அணிகளை மெலியச் செய்தது. அவருடைய கடைசி மூன்று பருவங்களிலும் தோல்விகளே மிகுந்திருந்தன. 1997இல் ஓய்வு பெற்ற அவருக்குப் பின் டக் வில்லியம்ஸ் பயிற்சியாளரானார்.

இறுதி ஆண்டுகளில் ஆல்சைமர் நோயால் பாதிக்கப்பட்ட ராபின்சன் 2007இல் ரஸ்டன் நகரில் காலமானார். ஆண்டின் சிறந்த கல்லூரிப் பயிற்சியாளருக்கு அமெரிக்கக் காற்பந்து எழுத்தாளர் சங்கம் வழங்கும் விருது அவர் பெயரைத் தாங்கியுள்ளது. கிராம்பிளிங்கின் விளையாட்டரங்கும் அங்குள்ள அருங்காட்சியகமும் அவர் பெயராலேயே அழைக்கப்படுகின்றன.