மர்பி டவுனுக்குப் போன பென் டிரைவ்

ரொம்ப நாளாக எழுத வேண்டும் என்று நினைத்து, ஆபீஸில் ஆணி அதிகமானதால் தள்ளிக்கொண்டே போன பதிவு இது. போன மாதம் அக்கா பையன் பெங்களூரிலிருந்து கூப்பிட்டான்.

"மாமா, பிஎஸ்3 ஹார்ட் டிஸ்க் கரகரன்னு சத்தம் போடுது. தாத்தா ஆட்டம் அதுலதான் இருக்கு."

தாத்தா என்றால் என் அப்பா. 2014ல் இவன் ஒரு கிரிக்கெட் விளையாட்டில் அப்பாவின் பெயரிலேயே ஒரு சுழற்பந்து வீச்சாளரை உருவாக்கினான். அப்பா பக்கத்தில் நாற்காலி போட்டு உட்கார்ந்துகொண்டு, "லெக் சைடுல போடாதேடா" என்று அதட்டுவார். அந்தத் 'தாத்தா' பல சீசன் ஆடி நிறைய விக்கெட் எடுத்திருக்கிறார். நிஜத் தாத்தா 2018ல் போய்ச் சேர்ந்துவிட்டார். மிச்சம் இருப்பது அந்த ஹார்ட் டிஸ்க்கில் ஒரு சின்ன ஃபைல்.

அதைக் காப்பாற்றிய கதைக்கு முன் கொஞ்சம் கொசுவத்தி சுற்றிக்கொள்கிறேன்.

மர்பி டவுன் தெரியாதவர்களுக்கு: அல்சூர் பக்கம், பழைய மெட்ராஸ் ரோட்டை ஒட்டிய பேட்டை. முன்பு நாக்ஸ்பேட்டை என்று பெயர். பிறகு டபிள்யூ.எச்.மர்பி என்ற எஞ்சினியரின் பெயரைச் சூட்டினார்கள். 1809ல் ஆங்கிலேயர்கள் ஸ்ரீரங்கப்பட்டணத்திலிருந்து படையை இங்கே மாற்றியபோது, கன்டோன்மென்டுக்குப் பின்னாலேயே தமிழ் ஜனங்களும் மூட்டையைக் கட்டிக்கொண்டு வந்தார்கள். சிப்பாய், கொத்தனார், சமையல்காரர், வியாபாரி என்று எல்லாரும். எங்கள் ஆட்களும் அப்படி வந்தவர்கள்தான்.

1990களில் எங்கள் தெருவுக்கு முதல் 'டிவி கேம்' வந்தது. ஜப்பானில் 1983ல் நின்டென்டோ வெளியிட்ட ஃபேமிகாமின் நகல். மஞ்சள் கேசட்டைச் செருகி, படம் வராவிட்டால் எடுத்து ஊதி, மறுபடி செருகுவோம். அந்த கேசட்டுக்குள் இருப்பது ரோம் சிப். ஃபேக்டரியில் என்ன எழுதினார்களோ அதுதான் கடைசிவரை. ஆட்டத்தில் ஒரு தப்பு இருந்தால் அது ஆயுசுக்கும் இருக்கும். எங்களுக்குத் தெரிந்த ஒரே அப்டேட், பக்கத்துத் தெருப் பையனிடம் கேசட்டை மாற்றிக்கொள்வது.

இதே நேரத்தில் ஜப்பானில் வேறு கதை நடந்திருக்கிறது. 1986ல் நின்டென்டோ ஃபேமிகாமுக்கு டிஸ்க் சிஸ்டம் கொண்டுவந்தது. கடைகளில் 'டிஸ்க் ரைட்டர்' என்று ஒரு மெஷினை வைத்தார்கள். பழைய டிஸ்க்கை எடுத்துப்போய் 500 யென் கொடுத்தால், பழைய ஆட்டத்தை அழித்துப் புதிய ஆட்டத்தை எழுதித் தருவார்கள். இந்தச் சேவை 2003 வரை நடந்தது. கையில் எடுத்துப்போய், எழுதி வாங்கி, வீட்டுக்குக் கொண்டுவருவது. இந்த வேலையைத்தான் பிறகு நாங்கள் பென் டிரைவில் செய்தோம்.

அதற்கு முன் பிளேஸ்டேஷன் 2. ஜப்பானில் 2000ல் வந்து, உலகம் முழுக்க 15 கோடிக்கும் மேல் விற்றது. 2009ல் ஹைதராபாதில் உருவான 'ஹனுமான்: பாய் வாரியர்' கூட இதற்காக வந்ததுதான். நான் அமெரிக்கா வந்த புதிதில், 2003 லீவுக்குத் தம்பிக்கு ஒன்று வாங்கிப் போனேன். போன பிறகுதான் உறைத்தது: அது 110 வோல்ட். எஸ்.பி. ரோட்டில் டிரான்ஸ்ஃபார்மர் வாங்கி மாட்டினோம். அடுத்து, பெங்களூரில் வாங்கிய டிஸ்க்கைப் போட்டால் அமெரிக்கப் பெட்டி படிக்கமாட்டேன் என்றது. ஒவ்வொரு பிராந்தியத்துக்கும் தனிப் பூட்டு. அந்த வருஷம் முழுக்க நான் இங்கிருந்து அனுப்பிய டிஸ்க்தான் ஓடியது.

தெருவில் மற்ற வீடுகளில் இருந்தது உள்ளூரில் வாங்கிய பெட்டிகள். அன்றைய கிரிக்கெட் விளையாட்டுகளில் உரிமம் இல்லாத அணிகளின் ஆட்டக்காரர்களுக்குப் பெயர் திரிந்திருக்கும். தம்பியின் சிநேகிதன் ஒருவன் ராத்திரி முழுக்க உட்கார்ந்து கன்ட்ரோலரில் ஒவ்வொரு எழுத்தாக நகர்த்திப் பெயரைத் திருத்துவான். மறுநாள் எல்லாரும் 8 எம்பி மெமரி கார்டைச் சட்டைப்பையில் போட்டுக்கொண்டு அவன் வீட்டுக்குப் போவார்கள். முதல் ஸ்லாட்டிலிருந்து இரண்டாவது ஸ்லாட்டுக்குக் காப்பி. அணித் தேர்வு மாறினால் மறுபடி போக வேண்டும். மர்பி டவுனின் அப்டேட் சர்வர் அந்தப் பையன்தான்!

பிஎஸ்3 இந்தியாவுக்கு 2007 ஏப்ரலில் வந்தது. விலை ரூ.39,990. நாங்கள் விலை இறங்கும்வரை காத்திருந்து அக்கா பையனுக்கு வாங்கினோம். இதில் ஹார்ட் டிஸ்க், இன்டர்நெட் எல்லாம் உண்டு. தப்பு இருந்தால் பிறகு சரிசெய்து அனுப்பலாம். ஆனால் அனுப்புவது எந்த வழியாக? அன்றைக்கு நம் வீடுகளில் 256 கேபிபிஎஸ் பிராட்பேண்ட் சாதாரணம். 200 எம்பி இறக்க, தடங்கலே இல்லாவிட்டாலும் ஒன்றே முக்கால் மணி நேரம். பிஎஸ்என்எல்லின் சில திட்டங்களில் ராத்திரி 2 முதல் காலை 8 வரை கணக்கில் சேராது என்பதால், அக்கா அலாரம் வைத்து எழுந்து ஆன் செய்வாள். நடுவில் கரண்ட் போனால் போச்சு.

இதற்கு இரண்டு வழி இருந்தது. பெட்டியின் சிஸ்டம் சாஃப்ட்வேரைப் பென் டிரைவில் கொண்டுபோகலாம். ஃபேட்32ல் ஃபார்மேட் செய்து, பிஎஸ்3 என்று ஒரு ஃபோல்டர், அதற்குள் அப்டேட் என்று இன்னொன்று, இரண்டும் ஆங்கிலப் பெரிய எழுத்தில். அதற்குள் ஃபைலை வைத்தால் பெட்டியே கண்டுபிடித்துக்கொள்ளும். ஒவ்வொரு ஆட்டத்துக்கும் வரும் அப்டேட் அப்படியில்லை. அதைப் பென் டிரைவில் கொடுத்தால் சாதாரணப் பெட்டி வாங்காது, நெட்வொர்க் வழியாகத்தான் கேட்கும். அதனால் லேப்டாப்பை நடுவில் ப்ராக்ஸியாக உட்கார வைப்போம். பெட்டி சர்வரிடம் ஃபைலைக் கேட்கும்போது, ஏற்கெனவே இறக்கி வைத்திருப்பதை லேப்டாப் எடுத்துக் கொடுத்துவிடும்.

2011 டிசம்பர் லீவில் இதைச் செய்யத்தான் எடிசனிலேயே எல்லா ஃபைலையும் இறக்கி எடுத்துப்போனேன். அந்த அக்டோபரில்தான் எம்.ஜி. ரோட்டுக்கு மெட்ரோ ஓட ஆரம்பித்திருந்தது. ஊரே புதுசாக இருந்தது. வீட்டுக்குப் போய் லேப்டாப்பைத் திறந்தால், ஒரு ஃபைலும் ஒட்டவில்லை. பிஎஸ்3 டிஸ்க் எந்த நாட்டிலும் ஓடும், ஆனால் அப்டேட் டிஸ்க்கின் குறியீட்டுக்கு மட்டும்தான் பொருந்தும். நான் கொண்டுபோனது பிஎல்யூஎஸ் என்று தொடங்கும் அமெரிக்க டிஸ்க்குக்கு. அவன் வைத்திருந்ததோ பிஎல்இஎஸ், ஐரோப்பியக் குறியீடு. பெங்களூர்க் கடைகளில் பெரும்பாலும் அதுதான். எட்டாயிரம் மைல் சுமந்துபோனது வீண். அப்பா மட்டும் சிரித்தார்: "பெட்டியில என்ன எழுதியிருக்குன்னு ஒரு ஃபோன் போட்டுக் கேட்டிருக்கலாமே?"

சரி, போன மாதத்துக்கு வருவோம். முழு பேக்கப் பாதியில் நின்றுவிட்டது. தாத்தாவின் சேவ் ஃபைல் மட்டும் பென் டிரைவுக்கு வந்தது. புது ஹார்ட் டிஸ்க் மாட்டினான். காலி டிஸ்க்கைப் பார்த்ததும் பெட்டி முதலில் கேட்டது, பென் டிரைவில் சிஸ்டம் சாஃப்ட்வேர். இன்றைக்கு வீட்டில் ஃபைபர் இருக்கிறது, ஆனாலும் அந்தக் கட்டத்தில் பெட்டியால் நெட்டுக்கே போக முடியாது. அதே பிஎஸ்3, அதே அப்டேட் ஃபோல்டர். நான் ஃபோனில் சொல்லச் சொல்ல அவன் செய்தான்.

டிஸ்க்கைப் போட்டு சேவைத் திறந்தால், திறக்கவில்லை. அது அப்டேட் செய்த ஆட்டத்தில் சேமித்தது. டிஸ்க்கில் இருப்பதோ முதல் பதிப்பு. அந்த அப்டேட் பழைய ஹார்ட் டிஸ்க்கோடு போய்விட்டது. நெட்டில் கேட்டோம். சர்வர் கொடுத்தது, தாத்தா வந்தார். இருவரும் கொஞ்ச நேரம் பேசவில்லை.

கொடுக்காமல் போயிருந்தால்? நின்டென்டோ வீ கடையை 2019 ஜனவரியில் மூடினார்கள். பிஎஸ்3 கடையை மூடப்போவதாக 2021 மார்ச்சில் சோனி அறிவித்து, எதிர்ப்பு வந்ததும் ஏப்ரலில் பின்வாங்கியது. 3டிஎஸ், வீ யூ கடைகள் 2023 மார்ச்சில் மூடின. எக்ஸ்பாக்ஸ் 360 கடை 2024 ஜூலையில். வாங்கியதையும் அப்டேட்டையும் தொடர்ந்து இறக்கலாம் என்று மூடும்போது சொன்னார்கள். எத்தனை நாளைக்கு என்பது அவர்கள் கையில்.

ஊரில் அண்ணன் பையனுக்கோ தங்கை பெண்ணுக்கோ வாங்கிக் கொடுத்த பழைய பெட்டி பரணில் கிடந்தால், அடுத்த லீவுக்குக் காத்திருக்காமல் இந்த வாரமே ஃபோன் போடுங்கள். ஒருமுறை நெட்டில் மாட்டி எல்லா ஆட்டத்தையும் அப்டேட் செய்யச் சொல்லுங்கள். பிறகு முழு பேக்கப் எடுக்கச் சொல்லுங்கள். சேவ் ஃபைல் மட்டும் போதாது, அதைத் திறக்கிற அப்டேட்டும் வேண்டும். டிஸ்க் பெட்டியின் முதுகில் இருக்கும் குறியீட்டையும் குறித்துக்கொள்ளுங்கள். எங்கப்பா சொன்னதுதான்.

அக்கா பையன் இப்போது மூன்று காப்பி எடுத்து வைத்திருக்கிறான். ஒன்று இங்கே எடிசனில் என் மேஜை டிராயரில் இருக்கிறது. இந்த முறை பென் டிரைவ் மர்பி டவுனிலிருந்து வந்தது.