பேதை முதல் பேரிளம்பெண் வரை



'வயதுக்கு வந்த பெண்' என்று நாம் அடிக்கடி சொல்கிறோம். எந்த வயதுக்கு வந்த பெண்? யார் குறித்த வயது அது? இந்தக் கேள்விக்கு விடை தேடிப் புறப்பட்டால், தமிழ்ச் சொற்களின் நெடிய வரலாறு ஒன்று நம் முன் விரிகிறது. இளமையையும் பெண்மையையும் குறிக்க நம் மொழியில் வழங்கிய அடைமொழிகள் பல. அவை வெறும் அழகுச் சொற்கள் அல்ல. ஒவ்வொன்றும் ஓர் அளவுகோல். அந்தக் கோலைக் கொண்டு எதை அளந்தார்கள், அது யார் கையில் இருந்தது என்பதைத்தான் இன்று பார்க்கப் போகிறோம்.

முதலில் இளமைக்கு வருவோம். தொல்காப்பியர் தமது உரியியலில் 'மழ', 'குழ' என்னும் இரண்டு சொற்களையும் இளமைப் பொருள் தருவன என்று காட்டுகிறார். குழந்தை, குழவி, மழலை என்று நாம் வழங்கும் சொற்கள் இவற்றை நினைவூட்டுகின்றன. இளமைக்கே இரண்டு நிறங்கள் உண்டு என்பதைக் கவனியுங்கள். 'குழ' என்பதில் மென்மை தெரிகிறது. 'மழ' என்பதிலோ வலிமையும் தெரிகிறது. இளமை மிடுக்குள்ள ஆண்யானையை 'மழகளிறு' என்றனர்.

மரபியலில் இளமைப் பெயர்கள் ஒன்பதைத் தொல்காப்பியர் அடுக்குகிறார்: பார்ப்பு, பறழ், குட்டி, குருளை, கன்று, பிள்ளை, மகவு, மறி, குழவி. எந்த உயிருக்கு எந்தப் பெயர் பொருந்தும் என்றும் வகுக்கிறார். அந்த மரபு இன்றும் நம் வாயில் இருக்கிறது. தென்னையின் இளமரத்தைத் 'தென்னம்பிள்ளை' என்கிறோம். வாழையை 'வாழைக்கன்று' என்கிறோம். தோட்டத்து நாற்றங்காலில் வளர்ந்ததை 'ரப்பர்க் கன்று' என்றோம். தமிழகத்தை விட்டு வரும்போது நம் முன்னோர் எடுத்து வந்த மூட்டையில் இந்தச் சொற்களும் இருந்தன.

இனிப் பெண்களுக்குரிய அடைமொழிகளைப் பார்ப்போம். பழைய இலக்கியத்தில் மிகுதியாகக் காணப்படுவது 'மட' என்பது. மடமகள், மடந்தை, மடக்கொடி என்றெல்லாம் வரும். தொல்காப்பியர் அச்சம், நாணம், மடன் என்னும் மூன்றையும் பெண்ணுக்குரிய பண்புகளாகச் சொன்னார். மடம் என்றால் என்ன? பிறர் சொல்லித் தந்ததை ஏற்றுக்கொண்டு, ஏற்றதை விடாமல் பற்றியிருக்கும் தன்மை என்று உரையாசிரியர்கள் விளக்கினார்கள். கள்ளமற்ற இளமனம் என்பது அதன் நல்ல பக்கம். ஆனால் அதே சொல்லிலிருந்து வந்த 'மடமை' அறியாமையைக் குறிக்கிறது. 'மடையன்' என்றால் சண்டைக்கு வராதவர் யார்?

'பேதை' என்ற சொல்லுக்கும் இதே கதிதான். அது சின்னஞ்சிறு பெண்ணைக் குறிக்கும் பெயர். திருக்குறளைத் திறந்தால் எண்பத்து நான்காம் அதிகாரத்தின் தலைப்பு 'பேதைமை'. அங்கே அது நன்மை தீமை அறியாத மூடத்தனம். ஐந்து வயதுச் சிறுமியைப் பேதை என்பது கொஞ்சல். நாற்பது வயதுத் தாயைப் பேதை என்பது இழிவு. ஒரே சொல், வயது ஏற ஏறப் பொருள் கசக்கிறது. சிறுமிக்கு அழகு என்று போற்றிய அறியாமையைப் பெண்ணின் வாழ்நாள் முழுவதற்கும் நீட்டி விட்டால் என்ன ஆகும் என்பதை இந்தச் சொல்லே சொல்லிவிடுகிறது.

பிற்காலத்துப் பாட்டியல் நூல்கள் பெண்ணின் வாழ்வை ஏழு பருவங்களாகப் பிரித்தன. பேதை 5 முதல் 7 வயது வரை. பெதும்பை 8 முதல் 11 வரை. மங்கை 12, 13. மடந்தை 14 முதல் 19 வரை. அரிவை 20 முதல் 25 வரை. தெரிவை 26 முதல் 31 வரை. பேரிளம்பெண் 32 முதல் 40 வரை. நூலுக்கு நூல் கணக்கு சற்று மாறினாலும் பரவலாக வழங்குவது இதுதான். 'கன்னி' என்றும் 'குமரி' என்றும் ஒரே சொல்லால் நிறுத்திக்கொள்ளாமல், ஏழு படிகளை வகுத்தது தமிழின் நுட்பம். ஆண்களுக்கும் இப்படி ஏழு பருவங்களைப் பன்னிரு பாட்டியல் கூறுகிறது: பாலன், மீளி, மறவோன், திறலோன், காளை, விடலை, முதுமகன். ஆனால் பெண்களின் ஏழு பெயர்கள் நிலைத்த அளவுக்கு அவை மக்கள் மனத்தில் நிலைக்கவில்லை. அது ஏன்?

காரணம் 'உலா' என்ற இலக்கிய வகை. அரசனோ இறைவனோ வீதியில் பவனி வருகிறான். ஏழு பருவத்துப் பெண்களும் அவனைக் கண்டு காதல் கொள்கிறார்கள். இதுதான் உலாவின் அமைப்பு. சேரமான் பெருமாள் நாயனாரின் திருக்கயிலாய ஞானஉலா இவ்வகையில் முதலாவது. அதனால் அதற்கு 'ஆதியுலா' என்றும் பெயர். பன்னிரண்டாம் நூற்றாண்டில் ஒட்டக்கூத்தர் விக்கிரம சோழன், இரண்டாம் குலோத்துங்கன், இரண்டாம் இராசராசன் ஆகிய மூவர் மீதும் பாடிய 'மூவருலா' புகழ்பெற்றது. பேதை விளையாட்டுச் சிறுமியாக நிற்பாள். மங்கையும் மடந்தையும் ஏங்குவார்கள். பேரிளம்பெண் முதிர்ந்த உள்ளத்தோடு உருகுவாள். கவிதை இனிமைதான். ஆனால் ஒன்றைக் கவனியுங்கள், நேயர்களே. அந்த ஏழு பெண்களுக்கும் ஒரே வேலை, வீதியில் போகிற ஒருவனைப் பார்த்து மயங்குவது. அவர்கள் என்ன கற்றார்கள், என்ன செய்தார்கள் என்று யாரும் கேட்கவில்லை. அளவுகோல் இருந்தது யானைமேல் வந்தவன் கையில்.

எல்லா இலக்கியமும் அப்படி என்று சொல்லிவிட முடியாது. பிள்ளைத்தமிழை எடுத்துக்கொள்ளுங்கள். அதில் பத்துப் பருவங்கள். காப்பு, செங்கீரை, தால், சப்பாணி, முத்தம், வருகை, அம்புலி என்ற முதல் ஏழும் ஆண் பிள்ளைக்கும் பெண் பிள்ளைக்கும் பொது. தவழ்வதிலும் கைகொட்டுவதிலும் நிலவைக் கூப்பிடுவதிலும் ஆணென்ன, பெண்ணென்ன? கடைசி மூன்றில்தான் பிரிவு வருகிறது. சிற்றில், சிறுபறை, சிறுதேர் என்பவை ஆணுக்கு. அம்மானை, நீராடல், ஊசல் போன்றவை பெண்ணுக்கு. பதினேழாம் நூற்றாண்டில் குமரகுருபரர் மதுரை மீனாட்சியம்மைக்குப் பாடிய பிள்ளைத்தமிழ் இவ்வகைக்குச் சிறந்த எடுத்துக்காட்டு.

ஏழாவது பருவத்தின் பெயரை மீண்டும் ஒருமுறை சொல்லிப் பாருங்கள்: பேரிளம்பெண். பெருமை, இளமை, பெண் மூன்றும் சேர்ந்த சொல். நாற்பதை எட்டுகிறவளின் பெயரிலும் 'இளம்' இருக்கிறது. இது பெருந்தன்மை. ஆனால் நாற்பதோடு பட்டியல் முடிந்து போகிறது. அதற்குமேல் அவளுக்கு என்ன பெயர்? 'கிழவி' என்பீர்கள். இந்தச் சொல்லின் கதை மிகச் சுவையானது. 'கிழமை' என்றால் உரிமை. தொல்காப்பியத்தில் காதல் தலைவனுக்குக் 'கிழவன்' என்றும் தலைவிக்குக் 'கிழத்தி', 'கிழவி' என்றும் பெயர். அதாவது உரிமை உடையவர்கள். பருவம் வாய்ந்த இளம்பெண்ணைத்தான் அன்று உரிமையுடையவள் என்ற பொருளில் கிழவி என்றார்கள். காலம் செல்லச் செல்ல உரிமைப் பொருள் உதிர்ந்து, முதுமைப் பொருள் மட்டும் மிஞ்சியது.

இளமை போனால்தான் பெண் சுதந்திரமாக நடமாட முடியும் என்று நம் மக்கள் எண்ணியதற்கும் சான்று இருக்கிறது. ஔவையார் கதையை எல்லாரும் அறிவோம். திருமண ஏற்பாட்டிலிருந்து தப்ப, பிள்ளையாரிடம் முதுமையை வேண்டிப் பெற்றார் என்பது கதை. 1953-ல் கே.பி. சுந்தராம்பாள் நடித்து வந்த 'ஔவையார்' படம் இக்கதையைப் பட்டிதொட்டியெங்கும் பரப்பியது. காரைக்கால் அம்மையார் தம் அழகிய உடம்பை உதறிப் பேய்வடிவம் வேண்டினார் என்று பெரியபுராணம் கூறுகிறது. ஊர் ஊராகச் சென்று பாடவும் அறிவுரை கூறவும் ஒரு பெண் முதலில் தன் இளமையைத் துறக்க வேண்டியிருந்தது! இந்த நிலையை மாற்ற விரும்பியவர் பாரதியார். அச்சமும் நாணமும் பெண்ணுக்கு வேண்டாதவை என்று அவர் ஒதுக்கினார். 'புதுமைப்பெண்' என்று ஒரு புதிய அடைமொழியை அவர் நாட்டினார். பருவத்தைக் குறிக்காமல் நிமிர்வைக் குறித்த அடைமொழி அது.

இனி நம் நாட்டுக்கு வருவோம். 1877-ல் கோலகங்சாரில் ரப்பர்க் கன்றுகள் நடப்பட்டன. பின்னர் பேராக் முழுதும் பால்மரக் காடுகள் பரவின. சுங்கை சிப்புட்டிலும் தெலுக் இந்தானிலும் ஈப்போவைச் சுற்றிலும் நம்மவர் லயங்களில் குடியேறினர். இங்கே பெண்ணை அளக்கப் புதிய கோல் ஒன்று வந்தது. அது செக்ரோல். விடியுமுன் பெரட்டுக்களத்தில் கிராணி பெயர் படிப்பார். மடந்தையும் தெரிவையும் அந்த ஏட்டில் இல்லை. ஆண், பெண், சிறுவர் என்று மூன்றே பிரிவு. 1920-களின் இறுதியில் மலாயாவின் முக்கியப் பகுதிகளில் நிர்ணயிக்கப்பட்ட நாட்கூலி ஆணுக்கு 50 காசு, பெண்ணுக்கு 40 காசு. சிறுவருக்கு அதனினும் குறைவு. வீட்டில் 'பெரிய பெண்' ஆனவள், பெரட்டில் பத்துக் காசு குறைந்த ஆள்.

'ஆள்' என்ற சொல்லைச் சற்றே எண்ணிப் பாருங்கள். பூப்பெய்திய பெண்ணை 'ஆளாகிவிட்டாள்' என்பது நம் வழக்கு. தோட்டத்தில் 'ஆள்' என்றால் வேலைக்காரர். 'ஆளுதல்' என்றாலோ பொறுப்பேற்று நடத்துவது. ஒரே சொல்லில் உடம்பும் உழைப்பும் உரிமையும் அடங்கியிருக்கின்றன. நம் பாட்டிமார்களுக்கு முதல் இரண்டும் சீக்கிரமே வந்தன. மூன்றாவதுதான் வந்து சேரவில்லை.

சட்டம் பள்ளியை நினைக்காமல் இல்லை. 1923-ஆம் ஆண்டின் தொழிலாளர் சட்டத் தொகுப்பு, 7 முதல் 14 வயது வரையுள்ள பிள்ளைகள் பத்துப்பேர் இருந்தால் தோட்டத்தில் பள்ளி நடத்த வேண்டும் என்றது. அப்படி எழுந்தவைதான் நம் தோட்டத் தமிழ்ப்பள்ளிகள். ஆனால் ஆறாம் வகுப்பு முடியும்போது பெண்ணுக்கு வயது பன்னிரண்டு. பழைய கணக்கில் மங்கைப் பருவம். சடங்கு சுற்றும் வயதும் அதுவே. 'பெரியவளாகிவிட்டாள், இனிப் பள்ளி எதற்கு?' என்ற ஒரு வார்த்தையில் எத்தனையோ பெண்களின் படிப்பு நின்றது. அண்ணன் தம்பிமார் பஸ் ஏறிப் பட்டணத்துப் பள்ளியின் புகுமுக வகுப்புக்குப் போனார்கள். அவர்களோ தம்பி தங்கையைப் பார்த்துக்கொண்டார்கள், அல்லது தாயோடு வெட்டுக்காட்டுக்குப் போனார்கள்.

பால்மரத்தோடு பழகிய நமக்கு ஒன்று தெரியும். கன்று நட்டு ஆறேழு ஆண்டுகள் கழிந்தபின்தான் வெட்டுக்கு எடுப்பார்கள். அப்போதும் வயதை மட்டும் பார்ப்பதில்லை. மரத்தின் சுற்றளவை நாடாவால் அளந்து, ஏறத்தாழ 50 சென்டிமீட்டர் தேறினால்தான் கத்தி வைக்க அனுமதி. முன்னதாக வெட்டினால் மரம் வளர்ச்சி குன்றிப் போகும் என்பது மண்டோர் முதல் மரம் வெட்டுகிறவர் வரை எல்லாருக்கும் தெரியும். மரத்துக்கு இவ்வளவு பொறுமை காட்டிய நாம், பெண்ணுக்கு மட்டும் ஏன் அவசரப்பட்டோம்?

பெண்ணின் பருவத்தைச் சட்டம் இன்று வேறு விதமாக அளக்கிறது. 1971-ஆம் ஆண்டின் சட்டம் 18 வயதை உரிய வயது என்று குறித்தது. முஸ்லிம் அல்லாதாருக்கான திருமண, மணமுறிவுச் சட்டம் 1976-ல் இயற்றப்பட்டு, 1982 மார்ச் முதல் நாள் நடைமுறைக்கு வந்தது. அதன்படி திருமணத்துக்கு 18 வயது நிறைந்திருக்க வேண்டும். 16 நிறைந்த பெண்ணுக்கு மட்டும் மாநில மந்திரி பெசாரின் தனி அனுமதி வேண்டும். 21-க்குக் கீழ்ப்பட்டவர்க்குப் பெற்றோர் ஒப்புதலும் வேண்டும். 2001-ஆம் ஆண்டின் சட்டம் 18 நிறையாதவர் அனைவரும் குழந்தையே என்கிறது. 2021 டிசம்பரிலிருந்து 18 வயதில் வாக்குரிமையும் வந்துவிட்டது. ஆக, உடம்பு 'பெரியவள்' என்று சொல்லும் நாளுக்கும் சட்டம் 'உரிமையுடையவள்' என்று சொல்லும் நாளுக்கும் இடையே ஐந்தாறு ஆண்டுகள் இருக்கின்றன. பழந்தமிழ் அந்த ஆண்டுகளை மங்கை, மடந்தை என்று பெயரிட்டு அழைத்தது. அவை படிக்கும் ஆண்டுகள். கைத்தொழில் பழகும் ஆண்டுகள். தன் மனம் எதை நாடுகிறது என்று கண்டறியும் ஆண்டுகள்.

சொற்கள் மாறக்கூடியவை என்பதற்கு நம் வீட்டுத் திருமண அழைப்பிதழே சாட்சி. முன்பு மணமகனுக்கு 'சிரஞ்சீவி', மணமகளுக்கு 'சௌபாக்கியவதி' என்று அச்சிட்டார்கள். அவன் நெடுங்காலம் வாழ வேண்டும். அவளோ சுமங்கலியாக வாழ வேண்டும். அவள் வாழ்த்தும் அவன் ஆயுளைச் சுற்றியே அமைந்தது. பிறகு 'திருநிறைச்செல்வன்', 'திருநிறைச்செல்வி' என்ற தமிழ் வழக்கு வந்தது. இருவருக்கும் ஒரே வாழ்த்து, ஒரே நிறை. அச்சகத்தில் மாறிய ஒரு சொல்தான். ஆனால் அதற்குள் ஒரு நியாயம் இருக்கிறது.

தோட்டப்புறத்திலிருந்து ஈப்போவின் வீடமைப்புப் பகுதிகளுக்கு வந்துவிட்ட தாய்மார்களே, தந்தையர்களே! உங்கள் வீட்டில் ஒரு பெண் பிள்ளை பருவம் எய்தினால் சடங்கு செய்யுங்கள், உற்றாரை அழையுங்கள், புதுச்சேலை உடுத்தி அழகு பாருங்கள். அடுத்த திங்கட்கிழமை அவளைப் பள்ளிக்கு அனுப்புங்கள். 'பெரியவள்' என்று அழைத்த வாயாலேயே வீட்டுக் காரியங்களில் அவள் கருத்தையும் கேளுங்கள். கிழத்தி என்றால் உரிமையுடையவள் என்று நம் முன்னோர் சொன்ன பொருள், அந்தப் பிள்ளையிடம் மீண்டும் உயிர் பெறட்டும்.