தகரப் பெட்டியில் இருந்த பேர்கள்

போன ஐப்பசி மழையில் ஒரு சாயங்காலம், என் எக்ஸ்டர்னல் ஹார்ட் டிஸ்க்கை மடிக்கணினியில் செருகினேன். விளக்கு மினுங்கியது. உள்ளே டக், டக் என்று தட்டிவிட்டு அடங்கியது. திரையில் ஒன்றும் வரவில்லை.

பதுளை பஸ் நிலையத்துக்குக் கிட்ட கம்யூனிகேஷன் கடை வைத்திருக்கிறேன். இப்படி டிஸ்க்கைத் தூக்கிக்கொண்டு வருகிறவர்கள் எனக்குப் புதிதல்ல. அன்று மட்டும் கை நடுங்கியது. பசறை, மடுல்சீமை, நமுனுகலை, ஹப்புத்தளைப் பக்கத்துத் தோட்டக் குடும்பங்கள் நம்பிக் கொடுத்த காகிதங்களின் படங்கள் அதற்குள் இருந்தன. பிறப்புப் பதிவு, பிரஜாவுரிமைச் சான்றிதழ், பழைய இந்தியப் பாஸ்போர்ட், ராமேஸ்வரத்திலிருந்து வந்த கடிதம், எல்லாம்.

லயத்துக் காம்பராவில், அதாவது தோட்டத் தொழிலாளர் வரிசை வீட்டு அறையில், தகரப் பெட்டிக்கென்று ஓர் இடம் உண்டு. கூரை ஒழுகாத, அடுப்புப் புகை எட்டாத மூலை அது. பத்தடிக்குப் பன்னிரண்டடி வீட்டில் அப்படி ஒரு மூலையை ஒதுக்குவது லேசான காரியமல்ல. பெட்டியில் மேலே கூறைச் சேலை, அடியில் பொலித்தீனில் சுற்றிய காகிதம். எங்கள் அம்மாயிக்கு எழுதப் படிக்கத் தெரியாது. ஆனால் எந்தக் காகிதம் எது என்று மடிப்பைத் தடவியே சொல்லிவிடுவார்.

காகிதத்தைக் காக்கும் இந்தப் பழக்கத்துக்குக் காரணம் உண்டு. தோட்டத்தில் ஒரு நாள் வேலைக்கே ‘பேர்’ என்றுதான் பேர். கொழுந்து நிறை குறைந்தால் அரைப்பேர். கணக்கப்பிள்ளை செக்ரோல் என்ற வருகைப் பதிவேட்டில் போடாவிட்டால் அன்றைக்கு நீ மலைக்கே போகவில்லை. அதற்கும் முன்னால், இருபதாம் நூற்றாண்டின் தொடக்கத்தில், தமிழ்நாட்டிலிருந்து வந்தவர்களின் கழுத்தில் ஒரு தகர வில்லை தொங்கியது. போய்ச்சேர வேண்டிய மாவட்டத்துக்கு ஓர் எழுத்து, தோட்டத்துக்கு ஓர் எண். ஆள் கட்டி வந்த கங்காணிக்குப் பட்ட கடனைக் குறித்த ‘துண்டு’ ஆளைத் தோட்டத்துக்குத் தோட்டம் துரத்தியது. 1921இல்தான் சட்டம் போட்டு அதை ஒழித்தார்கள். இன்னும் பின்னே போனால், 1869இல் இலங்கையில் கோப்பி இலைத் துரு நோயை முதலில் கண்டது எங்கள் மடுல்சீமையில். அந்தப் பூஞ்சணத்துக்கு அதே வருடம் லண்டன் சஞ்சிகையில் லத்தீன் பேர் வைத்துவிட்டார்கள். அந்தக் கோப்பிச் செடிகளுக்கிடையில் நின்றவர்களின் பேர்களை நான் இன்னும் தேடிக்கொண்டிருக்கிறேன்.

காகிதம் உயிராக மாறியது 1948க்குப் பிறகு. அந்த வருடத்துப் பிரஜாவுரிமைச் சட்டம் மலையகத் தமிழர்களான எங்களை நாடற்றவர்களாக்கியது. அடுத்த வருடம் இந்திய, பாகிஸ்தானிய வதிவாளர்களுக்கென்று இன்னொரு சட்டம் வந்தது. 1946 ஜனவரி 1க்கு முன்னால் மணமானவர் ஏழு வருடமும் மணமாகாதவர் பத்து வருடமும் இடைவிடாமல் இங்கே இருந்ததைக் காட்ட வேண்டும். எதை வைத்துக் காட்டுவது? பிள்ளை பிறந்தது லயத்தில், மருத்துவச்சி கையில். செக்ரோல் இருந்தது தொரையின் ஆபீசில். 1951 ஆகஸ்ட் 5 கடைசி நாள். 8 லட்சத்துக்கும் மேற்பட்டவர்களுக்காக விண்ணப்பங்கள் போயின. கிடைத்தது சுமார் 1,34,000 பேருக்கு. அந்த விண்ணப்பக் கட்டுகளைத் தள்ளுபடி செய்துகொண்டிருந்த அதே காலத்தில், 1956இல், அமெரிக்காவில் ஐபிஎம் முதல் ஹார்ட் டிஸ்க்கை வெளியிட்டது. இரண்டடி அகலத்தில் 50 தட்டுகள், மொத்தக் கொள்ளளவு ஐந்து மெகாபைட் அளவு. என் ஸ்கேன்கள் இரண்டு மூன்று அடங்கினால் அதிகம்.

1964 சிறிமா–சாஸ்திரி ஒப்பந்தத்தில் 5,25,000 பேரை இந்தியாவுக்கும் 3,00,000 பேரை இலங்கைக்கும் என்று பிரித்தார்கள். பதுளைக்குக் கோச்சி, அதாவது ரயில், வந்தது 1924 ஏப்ரல் 5இல். அதே கோச்சியில்தான் எங்கள் சனம் இந்தியாவுக்குக் கப்பலேறத் தலைமன்னாருக்குப் போகக் கண்ணீரோடு ஏறியது. ஒரே பெட்டிக் காகிதம் அண்ணனுக்கும் தம்பிக்கும் இரண்டாகப் பிரிந்தது. பிரஜாவுரிமை வழங்கிய 2003ஆம் வருடச் சட்டம் வந்தபோது நான் இந்தக் கடையில் எடுபிடியாகச் சேர்ந்திருந்தேன். மிச்சமிருந்த காகிதத்தையெல்லாம் போட்டோகாப்பிக்குக் கொண்டுவந்தார்கள். மடிப்பில் கிழிந்ததை நான் கண்ணாடி மேல் ஒட்டவைத்து எடுப்பேன்.

2014 அக்டோபர் 29 காலையில் கொஸ்லந்தை மீரியபெத்தையில் மலை சரிந்து லயங்களை மூடியது. ஆளே மண்ணுக்குள் போனபோது பெட்டியைப் பற்றி யார் பேசுவது? ஆனால் தப்பியவர்களிடம் மறுநாளே அடையாள அட்டை கேட்கத்தான் கேட்பார்கள். அந்த மாதம்தான் ஸ்கேன் எடுத்து வைக்க ஆரம்பித்தேன், அவர்கள் சம்மதத்தோடு, காசு வாங்காமல்.

அதனால், டிஸ்க் தட்டி அடங்கிய அந்தச் சாயங்காலம் நான் அவசரப்படவில்லை. முதலில் நடுவில் இருந்த நாலு வாய் ஹப்பைக் கழற்றினேன். இந்தச் சின்ன டிஸ்க் சுழலத் தொடங்கும் நொடியில்தான் அதிக மின்சாரம் கேட்கும். பழைய யூஎஸ்பி வாய் தருவது 500 மில்லியாம்பியர், அதையும் ஹப் பங்குபோட்டால் டிஸ்க் எழும்பி எழும்பி விழும். டக், டக் சத்தத்துக்கு அதுவும் காரணமாகலாம். தட்டைப் படிக்கும் ஊசிமுனை போன்ற தலை பழுதானாலும் இதே சத்தம்தான். பிறகு வயரை மாற்றினேன். மேசைக் கணினியின் பின்பக்க வாயில் நேராகச் செருகினேன். சத்தம் நின்றது, தட்டு சீராகச் சுழன்றது. டிஸ்க் மேனேஜ்மென்டில் 931 ஜிபி என்று தெரிந்தது. கூடவே திரையில் அந்த அறிவிப்பு எழுந்தது: பாவிக்குமுன் ஃபார்மட் செய்ய வேண்டும், செய்யவா?

அந்த இடத்தில்தான் பலர் தோற்கிறார்கள். ‘ஆம்’ என்று அழுத்திவிட்டு என்னிடம் ஓடி வருவார்கள். நான் ‘வேண்டாம்’ கொடுத்து வயரைப் பிடுங்கினேன். ஃபிரிட்ஜில் வைத்துப் பார் என்று ஒரு சிநேகிதர் சொன்னார். பதுளைப் பனியில் வெளியே எடுத்த மறுநிமிடம் தட்டில் ஈரம் கோத்துக்கொள்ளும், அதனால் நான் கேட்கவில்லை. கூட்டைப் பிரித்து வேறு பெட்டியில் போடலாமா என்று யோசித்தேன். இந்த ரகத்தில் யூஎஸ்பி வாய் பலகையிலேயே பற்றவைத்திருக்கும், பலனில்லை. பென் டிரைவில் இருந்த லினக்ஸைக் கொண்டு கணினியைத் திறந்து, டிடிரெஸ்கியூவால் டிஸ்க் முழுவதையும் அப்படியே புது டிஸ்க்குக்கு நகலெடுக்கவிட்டேன். முதலில் நல்ல பகுதியை அள்ளிக்கொண்டு, கெட்ட இடங்களுக்குக் கடைசியில் திரும்பிவரும் நிரல் அது. சாகக் கிடக்கும் டிஸ்க்கை அலைக்கழிக்காது.

மறுநாள் காலை பசறைப் பக்கத்திலிருந்து ஒரு பாட்டி வந்தார்.

“தம்பி, எங்கய்யாவோட பேரு அதுல இருக்குதானே?”

“இருக்கும் பாட்டி. எடுத்துக்கிட்டு இருக்கேன், செத்த உக்காருங்க.”

பெஞ்சில் உட்கார்ந்து, மத்தியானம் வரை எழும்பவில்லை. நகல் முடிந்ததும் அவர் கோப்புறையைத்தான் முதலில் திறந்தேன். 1951ஆம் வருட விண்ணப்பத்தின் நகல், மூலையில் தேநீர்க் கறை, பேருக்கு நேரே கட்டைவிரல் ரேகை. பாட்டி திரையைத் தொட்டார். ரேகையைத்தான் தொட்டார், பேரை அல்ல.

முப்பத்தேழு கோப்புகள் திறக்கவில்லை. அவற்றில் பத்தொன்பது மடுல்சீமைப் பக்கத்தவை. ஞாயிற்றுக்கிழமை முதல் பஸ்ஸில் ஸ்கேனரோடு போகிறேன். பெட்டிகள் இன்னும் அந்த மூலைகளில்தான் இருக்கின்றன.