டிராம்போன்களுக்கு அடியில் யார்?

1871 டிசம்பரில் கெய்ரோவில் 'ஐடா' ஓபரா அரங்கேறியபோது அதன் இசையமைப்பாளர் வெர்டி அங்கே போகவில்லை. இத்தாலியில் இருந்தபடி, அடுத்து வரவிருந்த மிலான் லா ஸ்கலா மேடையேற்றத்துக்காகக் கவலைப்பட்டுக்கொண்டிருந்தார். பதிப்பாளர் ரிக்கோர்டிக்கு எழுதிய கடிதத்தில், மூன்று டிராம்போன்களுக்கு அடியில் ஒலிக்க வேண்டிய நான்காவது கருவி எதுவென்று வரிந்துகட்டி வாதாடினார். 'பொம்பர்டோன்' என்ற பருத்த டியூபா வகை வேண்டவே வேண்டாம், அது மற்றவற்றோடு ஒட்டாது என்றார். பேஸ் டிராம்போன் இருந்தால் நல்லது. அதை வாசிப்பது கடினமென்றால் பழைய ஆஃபிக்ளைடே போதும்.

கிழவரின் பிடிவாதம் என்று இதைத் தள்ளிவிட முடியாது. டிராம்போனின் குழாய் பெரும்பகுதி ஒரே அகலத்தில் ஓடி, கடைசியில்தான் விரிகிறது. பலமாக ஊதினால் ஒலி வாள்முனைபோலப் பாயும். டியூபாவின் குழாயோ ஏறக்குறைய தொடக்கத்திலிருந்தே அகன்றுகொண்டு போகிறது. அதனால் ஒலி உருண்டு திரண்டு அரங்கம் முழுவதும் பரவும். ஒரே சுரத்தை இரண்டும் சேர்ந்து வாசித்தாலும் காதுக்கு இரண்டாகவே கேட்கும்.

இந்தக் கீழ்க்குரலைத் தேடிய கதை பிரான்சின் தேவாலயங்களில் தொடங்குகிறது. 1590 வாக்கில் ஒசேர் நகரத் திருச்சபையைச் சேர்ந்த எட்மே கியோம் ஒரு மரக்குழலை உருவாக்கியதாக மரபு சொல்கிறது. சுமார் எட்டு அடி நீளம்; பாம்பு நெளிந்ததுபோல் வளைத்து, தோல் போர்த்தியது. பெயரும் 'சர்ப்பென்ட்'தான். பூசைப்பாட்டு பாடும் ஆண்களின் குரலுக்கு அடியில் கனம் சேர்ப்பது அதன் வேலை. ஆறு துளைகளும் விரல் எட்டும் இடத்தில் போடப்பட்டவை. ஒலியியல் கேட்கும் இடம் வேறு. ஆகவே ஒரு சுரம் தடித்தும் அடுத்தது மெலிந்தும் வந்தன. சுருதியை உதட்டால்தான் சரிக்கட்ட வேண்டியிருந்தது.

1821இல் பாரிஸில் கருவி செய்யும் அலாரி பித்தளையில் ஒரு மாற்றுக்குக் காப்புரிமை பெற்றார். பெரிய துளைகள், அவற்றை மூடித் திறக்கச் சாவிகள். கிரேக்கச் சொற்களைக் கோத்து வைத்த 'ஆஃபிக்ளைட்' என்ற பெயருக்குச் 'சாவி வைத்த பாம்பு' என்று பொருள்.

பிரெஞ்சு இசையமைப்பாளர் பெர்லியோஸ் 1830இல் எழுதிய 'சிம்பொனி ஃபான்டாஸ்டிக்' முதல் வடிவில் சர்ப்பென்டும் ஆஃபிக்ளைடும் சேர்ந்தே வருகின்றன. கடைசிப் பகுதியில், சூனியக்காரிகளின் கூத்துக்கு நடுவே, இறந்தோருக்கான 'டீயஸ் ஈரே' மெட்டை பஸூன்களோடு இவைதான் இசைக்கின்றன. பிரெஞ்சு ரசிகர்களுக்குச் சர்ப்பென்ட் கோயில் வாத்தியம். அந்தப் புனித ஒலியே பேய்க்கூத்தில் கரகரத்து எழுந்தபோது அவர்கள் அடைந்திருக்கக்கூடிய திகிலை, இன்று அதே இடத்தில் வழவழப்பாக ஒலிக்கும் டியூபா தருவதில்லை.

அந்த டியூபா 1835இல் பெர்லினில் பிறந்தது. பிரஷ்ய ராணுவ இசைக்குழுக்களை நடத்திய வீப்ரெக்ட்டும் கருவி செய்யும் மோரிட்ஸும் சேர்ந்து காப்புரிமை பெற்றார்கள். சாவிக்குப் பதில் ஐந்து வால்வுகள். வால்வு அழுத்தினால் கூடுதல் குழாய் இணைகிறது. எந்தச் சுரமானாலும் காற்று கருவியின் அகன்ற வாய் வழியே வெளியேறுகிறது. எல்லாச் சுரங்களும் ஒரே நிறத்தில், ஒரே பலத்தில் வந்தன. ஜெர்மனிப் பயணத்தில் அதைக் கேட்ட பெர்லியோஸே புகழ்ந்து எழுதினார். ஆஃபிக்ளைட் மெல்ல ஒதுங்கியது.

ஜெர்மன் இசையமைப்பாளர் வாக்னர் எதையும் விட்டுக்கொடுக்கவில்லை. 1876இல் பைராய்ட்டில் முழுமையாக மேடையேறிய 'நீபலுங்கின் மோதிரம்' ஓபராக்களில் கான்ட்ராபேஸ் டியூபா, கான்ட்ராபேஸ் டிராம்போன் இரண்டும் உண்டு. போதாதென்று ஹார்ன் கலைஞர்கள் வாசிக்கவென்றே நான்கு 'வாக்னர் டியூபா'க்கள். தேவர்களின் வல்ஹல்லாக் கோட்டைக்கான இசை முதலில் எழுவது அவற்றில்தான்.

வெர்டிக்கு வேண்டியது ஒரே குடும்பத்துக் குரல். 1881இல் மிலானின் பெலிட்டி பட்டறை அவருக்காக வால்வு வைத்த கான்ட்ராபேஸ் டிராம்போனைச் செய்தது. 'ஓதெல்லோ'வும் (1887) 'ஃபால்ஸ்டாஃப்'பும் (1893) அந்த ஒலியை மனத்தில் வைத்து எழுதியவை. பின்னாளில் பல அரங்குகளில் அந்த இருக்கையைப் பெரிய டியூபா பிடித்துக்கொண்டது.

இருபதாம் நூற்றாண்டின் பிற்பகுதியில் அந்த டிராம்போன் வகைக் கீழ்க்குரல், இத்தாலியில் பழகிய 'சிம்பாஸோ' என்ற பெயரில் திரும்பி வந்தது. எஃப் சுருதி, சுழல் வால்வுகள், முன்னோக்கிய வாய், டிராம்போனைப் போன்ற உடல். வாசிப்பவர் பெரும்பாலும் டியூபா கலைஞர். 'ஓதெல்லோ'வில் இது ஒலிக்கும்போது நால்வரும் ஒரே மூச்சில் பாய்வது கேட்கும். அங்கே இதுவே சரியான தேர்வு. ஆனால் பழைய இத்தாலிய ஓபராக்கள் எல்லாவற்றுக்கும் இதையே எடுப்பது பெயரை மட்டும் நம்புவதாகும். பெல்லினியின் 'நோர்மா' (1831) காலத்தில் சிம்பாஸோ என்றால் நிமிர்த்திப் பிடிக்கும் மரச் சர்ப்பென்ட் வகை. 1874இல் வெர்டி எழுதிய 'ரெக்வியம்' சுரப்பிரதியிலோ சிம்பாஸோவும் இல்லை, டியூபாவும் இல்லை. அங்கே அவர் குறித்திருப்பது ஆஃபிக்ளைட்.