சன் ஸ்டுடியோ, மெம்பிஸ்

அமெரிக்காவின் டென்னசி மாநிலத்து மெம்பிஸ் நகரில், 706 யூனியன் அவென்யூவில் உள்ள சிறிய ஒலிப்பதிவுக்கூடம். வானொலித் துறையில் இருந்த சாம் பிலிப்ஸ் 1950 ஜனவரியில் தொடங்கினார். பிழைப்புக்குத் திருமணங்களையும் ஈமச்சடங்குகளையும்கூடப் பதிவுசெய்தார். நாட்டமோ கறுப்பின ப்ளூஸ் கலைஞர்கள்மீது. ஹவ்லின் வுல்ஃப், பி.பி. கிங் இங்கே பாடினர். 1951இல் பதிவான 'ராக்கெட் 88' முதல் ராக் அண்ட் ரோல் இசைத்தட்டு என்பார்கள். அது சரியா என்ற விவாதம் இன்னும் தீரவில்லை.

1954 ஜூலையில் எல்விஸ் பிரெஸ்லியின் முதல் இசைத்தட்டு இங்கு உருவானது. இரண்டாவது நாடா இயந்திரத்தின் வழியே குரலைச் சற்றே தாமதித்து ஒலிக்கச் செய்த எதிரொலி, கூடத்தின் முத்திரையானது. மறு ஆண்டே எல்விஸின் ஒப்பந்தத்தை ஆர்.சி.ஏ. நிறுவனத்துக்கு 35,000 டாலருக்கு விற்றார் பிலிப்ஸ். அன்று அது பெருந்தொகைதான். 1960இல் அவர் வேறு கட்டடத்துக்கு மாறினார். பழைய கூடம் 1987இல் மீண்டும் திறக்கப்பட்டது. 2003இல் தேசிய வரலாற்றுச் சின்னமானது.